கருவி மலிந்தது, கல்வி மலியட்டும்

(பாலசமுத்திரத்தில் நடைபெற்ற வெள்ளி விழாக் கூட்டத்தில் ஆற்றிய உரை)

 

இவ்விழாவில் கல்வியைப் பற்றிப் பேசுமாறு பலரைப் பணித்த செயற்குழுவினர், எங்களை மட்டும் ‘உங்கள் தொழிலைப் பற்றிப் பேசுங்கள்’ எனப் பணித்தார்கள். நாங்கள் மோட்டார்ப் பட்டறைக்காரர்கள். இச்சங்கத்தின் மாலை வகுப்பில் அமர்ந்து பத்தாம் வகுப்புத் தேறி, தொழில் பழகி, இன்று சேர்ந்து ஒரு பட்டறையை நடத்தி வரும் நால்வர். நால்வர் சார்பிலும் பேசுவதால் ‘நாங்கள்’ என்றே சொல்லி வருவோம்.

கல்வி விழாவில் கார் எஞ்சினுக்கு என்ன வேலை என்று சிலர் எண்ணக்கூடும். இன்றைய மோட்டார்த் தொழில் படிப்புத் தொழிலாகவே மாறிவிட்டது. அம்மாற்றத்தில் நம் பிள்ளைகள் கதவுக்கு உள்ளே நிற்கப் போகிறார்களா, வெளியே நிற்கப் போகிறார்களா என்பது இந்த ஆண்டுகளில்தான் முடிவாகிக்கொண்டிருக்கிறது. அதனை உங்கள்முன் வைப்பதே எங்கள் நோக்கம்.

பிரித்துப் பார்த்துக் கற்ற காலம்

1920ஆம் ஆண்டில் பொள்ளாச்சிக்கும் பழனிக்கும் இடையே ஒரு பேருந்து ஓடத் தொடங்கிற்று. அதனை வாங்கித் தாமே ஓட்டியவர், பின்னாளில் கோவையின் பெரும் தொழிலறிஞராக விளங்கிய ஜி. டி. நாயுடு அவர்கள். பள்ளிப் படிப்பில் நெடுந்தூரம் செல்லாத அவர், மோட்டார் சைக்கிள் ஒன்றை விலைக்கு வாங்கி, அக்கக்காகப் பிரித்து, மீண்டும் பூட்டி இயந்திரக் கல்வி பெற்றார் என்பது இப்பகுதியில் பலரும் அறிந்த செய்தி. அக்காலத்து இயந்திரம் ஒளிவுமறைவு அறியாதது. பிரித்தவனுக்குத் தன்னைக் காட்டிக்கொடுத்தது.

நம் தெருவிலிருந்து பழனிப் பட்டறைகளுக்குச் சென்ற பெரியவர்களும் அப்படித்தான் கற்றார்கள். முதலில் வண்டி கழுவினார்கள். பிறகு கிரீஸ் வைத்தார்கள். பிறகு மேஸ்திரி கேட்ட ஸ்பேனரை எடுத்துக் கொடுத்தார்கள். எடுத்துக் கொடுக்கும்போதே கண்ணால் திருடிக் கற்றார்கள். யாரும் அவர்களை உட்காரவைத்துச் சொல்லிக் கொடுக்கவில்லை. எஞ்சின்மேல் ஸ்குரூடிரைவரின் ஒரு முனையை வைத்து மறுமுனையைக் காதில் வைத்தால் எந்த பேரிங் தேய்ந்தது என்று அவர்கள் சொல்லிவிடுவார்கள். கார்புரேட்டர் திருகாணியைக் கால் சுற்றுத் திருப்பி, புகையின் நிறத்தைப் பார்த்துப் பெட்ரோலின் அளவைச் சரிசெய்வார்கள். அம்பாசிடரும் பியட்டும், 1983 டிசம்பரில் முதன்முதலாகச் சாலைக்கு வந்த மாருதி 800ம் அவர்கள் கைக்கு அடங்கின. எழுத்தறியாதவரும் அத்தொழிலில் மேதையாக விளங்க இடமிருந்தது.

நமது சங்கம் தோன்றிய காலத்தில்தான் அந்த இடம் சுருங்கத் தொடங்கிற்று. 2000 ஏப்ரல் முதல் நாடெங்கும் புதிய கார்களுக்குப் புகைக் கட்டுப்பாடு இறுகியது. கார்புரேட்டர் மெல்ல விடைபெற்றது. இன்ஜெக்டர் வந்தது; அதனை ஆளச் சென்சார்களும், அவை தரும் செய்திகளைக் கேட்டு நொடிக்குப் பன்முறை முடிவெடுக்கும் ஒரு சிறு கணினியும் வந்தன. இன்று ஒரு நடுத்தரக் காரில் எஞ்சினுக்கு ஒன்று, பிரேக்குக்கு ஒன்று, காற்றுப்பைக்கு ஒன்று, கதவு விளக்குகளுக்கு ஒன்று எனப் பல கணினிகள் உள்ளன. பிரித்துப் பார்த்தால் அவற்றுள் ஒன்றும் தெரியாது. கறுப்புப் பெட்டியும் கம்பிகளுமே தெரியும். காதும் கண்ணும் மட்டும் போதாமற்போயின. முப்பது ஆண்டு அனுபவமுள்ள நம் பெரியவர்கள் ‘செக் எஞ்சின்’ என்னும் ஒரு மஞ்சள் விளக்கின்முன் கைபிசைந்து நின்ற காட்சியை நாங்கள் கண்ணாரக் கண்டிருக்கிறோம்.

குளிரூட்டிய அறை

அக்காலத்தில் நாங்கள் நகரத்துப் பணிமனை ஒன்றில் உதவியாளர்களாக வேலை பார்த்தோம். வண்டிக்கு அடியில் படுத்து எண்ணெய் மாற்றுவது எங்கள் வேலை. கணினியும் அதனை வண்டியோடு இணைக்கும் கருவியும் ஒரு குளிரூட்டிய அறையில் இருந்தன. அந்த அறைக்குள் நாங்கள் போகக்கூடாது. ஏன் என்று கேட்டபோது, ‘தூசி படும்’ என்றார்கள். எங்களோடு வேலைக்குச் சேர்ந்த வேறு தெருப் பிள்ளைகள் இருவர் ஆறு மாதத்தில் அந்த அறைக்குள் போய்வந்தார்கள். அவர்கள்மீதும் அதே எண்ணெய்க் கறைதான் இருந்தது. யாரும் சாதியின் பெயரைச் சொல்லவில்லை. தூசி என்றே சொன்னார்கள்.

இதனைக் குறை கூறுவதற்காகச் சொல்லவில்லை. சாதி தன் பழைய பெயரோடு வருவதில்லை. ‘தகுதி’ என்றும் ‘சுத்தம்’ என்றும் ‘பாஸ்வேர்டு’ என்றும் புதுப்பெயர் சூடி வரும் என்பதை இளைஞர்கள் அறிந்துகொள்ளச் சொல்கிறோம். அறிவு ஓர் அறைக்குள் பூட்டப்பட்டால், திறவுகோல் யார் கையில் இருக்கும் என்பதை நம்மைப்போல் அறிந்தவர் எவருமில்லை.

கதவைத் திறந்தது சட்டம்

அந்த அறையில் இருந்த கருவி செய்யும் வேலையின் பெரும்பகுதியை, இன்று ஒரு பழைய மடிக்கணினியும் உள்ளங்கையில் அடங்கும் ஓர் அடாப்டரும் செய்கின்றன. இது எப்படி நிகழ்ந்தது?

தொடக்கத்தில் கார் நிறுவனங்கள் ஒவ்வொன்றும் தத்தம் வண்டிக்குத் தனித்தனியான இணைப்பை வைத்திருந்தன. ஒன்றின் கருவி மற்றொன்றுக்குப் பொருந்தாது. அமெரிக்காவின் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரம் மோட்டார்ப் புகையால் மூச்சுத் திணறிய நகரம். கலிபோர்னியா மாநிலத்தின் காற்றுவள வாரியம் வண்டியே தன் புகைக் குறையைக் கண்டறிந்து சொல்ல வேண்டுமென்று கட்டளையிட்டது. அதன் வளர்ச்சியாக, 1996ஆம் ஆண்டு மாதிரி முதல் அமெரிக்காவில் விற்கும் கார்கள் அனைத்திலும் ஒரேவகை இணைப்பு, ஒரேவகைக் குறைக்குறிகள் என்னும் விதி நடைமுறைக்கு வந்தது. இதுவே ஓ.பி.டி. இரண்டு எனப்படுவது. ஐரோப்பாவில் 2001இல் பெட்ரோல் கார்களுக்கு இத்தகைய விதி வந்தது. நம் நாட்டில் பாரத் நிலை நான்கின்கீழ் 2010 ஏப்ரலில் முதற்படியும் 2013 ஏப்ரலில் இரண்டாம்படியும் வந்தன. 2020 ஏப்ரல் முதல் பாரத் நிலை ஆறு நடப்பில் உள்ளது.

ஸ்டியரிங்குக்குக் கீழே, ஓட்டுநரின் முழங்காலுக்கு மேலே குனிந்து பாருங்கள். பதினாறு துளைகள் கொண்ட ஒரு சிறு இணைப்பு இருக்கும். நான்காம் ஐந்தாம் துளைகள் எர்த்து. பதினாறாம் துளை பேட்டரி. ஆறும் பதினான்கும் கணினிகள் பேசிக்கொள்ளும் கம்பிகள். பழைய வண்டிகள் பலவற்றில் ஏழாம் துளை அவ்வேலையைச் செய்யும். இதனை நமக்கு எந்த நிறுவனமும் மனமிரங்கித் தரவில்லை. காற்றைக் காக்க எழுந்த சட்டம் தந்தது. சட்டம் திறந்த கதவு எல்லோருக்கும் திறந்த கதவு என்பதை நமது சமூக வரலாறும் அறியும்.

அடாப்டர் வகைகள்

அடாப்டர் என்பது வண்டியின் மொழியை மடிக்கணினியின் மொழியாக மாற்றும் ஒரு துபாஷி. துபாஷிகளில் தரம் உண்டு. எனவே வாங்குமுன் அறிந்து வாங்க வேண்டும்.

முதல் வகை, ஆயிரம் ரூபாய்க்குள் கடைகளில் கிடைப்பது. இ.எல்.எம். 327 என்ற பெயர் அதன்மேல் அச்சிட்டிருக்கும். கனடா நாட்டின் ஒரு சிறு நிறுவனம் 2005இல் உருவாக்கிய சில்லு அது. அதன் முதற்பதிப்பு நகலெடுப்பிலிருந்து காக்கப்படவில்லை. ஆகவே உலகெங்கும் நகல்கள் பெருகின. பெட்டியின்மேல் ‘பதிப்பு 1.5’ என்று போட்டு விற்கிறார்கள். அப்படி ஒரு பதிப்பை அந்நிறுவனம் வெளியிடவேயில்லை. இந்த நகல்கள் பொதுவான எஞ்சின் குறிகளைப் படிக்கும். தொடக்கப் பாடத்திற்கு அது போதும். பிரேக்கையும் காற்றுப்பையையும் பற்றிக் கேட்டால் பெரும்பாலும் விழிக்கும். சிலவேளை இணைப்பே அறுந்து போகும்.

இரண்டாம் வகை, சில ஆயிரங்கள் விலையுள்ள நல்ல அடாப்டரும், ஒரு குறிப்பிட்ட நிறுவனத்தின் வண்டிகளுக்கென்றே ஆக்கப்பட்ட மென்பொருளும். இதன் பயனுக்குத் தமிழ்நாட்டிலேயே கண்கூடான சான்று உண்டு. மறைமலைநகரில் கார் செய்துவந்த ஃபோர்டு நிறுவனம், இந்தியாவில் உற்பத்தியை நிறுத்துவதாக 2021 செப்டம்பரில் அறிவித்தது. 2022 ஜூலையில் மறைமலைநகர்த் தொழிற்சாலையிலிருந்து கடைசிக் கார் வெளியேறிற்று. அதற்குமுன் 2017 இறுதியிலேயே செவர்லே கார்களின் விற்பனை இந்நாட்டில் நின்றுவிட்டது. விற்பனை நின்றாலும் வண்டிகள் நிற்கவில்லை. ஃபிகோவும் ஈகோஸ்போர்ட்டும் எண்டவரும் இன்றும் பழனி அடிவாரத்தில் ஓடுகின்றன. அவற்றின் உரிமையாளர்கள் அருகிலுள்ள பட்டறையை நாடி வருகிறார்கள்.

ஃபோர்டு வண்டிகளுக்கென ஃபோர்ஸ்கேன் என்னும் மென்பொருள் உண்டு. விண்டோஸ் மடிக்கணினியில் அதன் அடிப்படைப் பதிப்பு இலவசம். எஞ்சின், கியர், பிரேக், காற்றுப்பை, உடற்பகுதி ஆகிய கணினிகள் ஒவ்வொன்றையும் தனித்தனியே அழைத்துப் பேசும். பழுது நீக்கியபின் செய்யவேண்டிய சோதனைகளையும் நடத்தும். ஒரு நுட்பத்தை மட்டும் அறிய வேண்டும். ஃபோர்டு வண்டிகள் பலவற்றில் கணினிகள் இரண்டு தெருக்களில் குடியிருக்கின்றன. ஒரு தெரு ஆறாம் பதினான்காம் துளைகளில். மற்றது மூன்றாம் பதினோராம் துளைகளில். மலிவு அடாப்டர் முதல் தெருவை மட்டுமே பார்க்கும். இரு தெருவுக்கும் மாறவல்ல அடாப்டர் வேண்டும். இதனை அறியாதவர், ‘வண்டியில் குறையே இல்லை’ என்று சொல்லி அனுப்பிவிடுவார். ஊரின் ஒரு தெருவை மட்டும் பார்த்துவிட்டு ஊரே நலம் என்று எழுதிப்போகும் அதிகாரிகளை நாம் பார்த்திருக்கிறோம் அல்லவா! அதுபோலத்தான்.

ஃபோக்ஸ்வாகன், ஸ்கோடா, ஆடி வண்டிகளுக்கு இதேபோல் அமெரிக்காவின் ராஸ்-டெக் நிறுவனம் தரும் வி.சி.டி.எஸ். உண்டு.

மூன்றாம் வகை, பாஸ்-த்ரு எனப்படுவது. கார் நிறுவனத்தின் சொந்த மென்பொருளையே வெளிப் பட்டறையின் மடிக்கணினியில் இயக்க வழிசெய்யும் அடாப்டர். அமெரிக்கப் பொறியாளர் சங்கம் 2002இல் ஜே 2534 என்ற எண்ணில் இதற்கு ஒரு பொது இலக்கணம் வகுத்தது. கணினிக்குப் புது நிரல் ஏற்றுவது போன்ற, கம்பெனிப் பணிமனைக்கே உரியவை எனக் கருதப்பட்ட வேலைகளை இதனால் செய்யலாம். நிறுவனத்திற்கு நாளுக்கோ ஆண்டுக்கோ கட்டணம் செலுத்த வேண்டும். தொழில் முதிர்ந்தபின் போகவேண்டிய படி இது.

குறி வேறு, குறை வேறு

இனி நாங்கள் பட்டுத் தெளிந்த ஒன்றைச் சொல்ல வேண்டும். கருவி காட்டுவது குறி. குறையைக் கண்டுபிடிப்பது மனிதனின் வேலை.

குறி என்பது ஓர் ஆங்கில எழுத்தும் நான்கு இலக்கங்களும் கொண்டது. எழுத்து, கோளாறு எஞ்சின் பகுதியிலா, உடற்பகுதியிலா, பிரேக் முதலிய அடிப்பகுதியிலா, கணினிகளின் செய்திப் போக்குவரத்திலா என்பதைக் காட்டும். முதல் இலக்கம் சுழியாயின் அது பெரும்பாலும் எல்லா நிறுவனத்திற்கும் பொதுக்குறி; ஒன்றாயின் அந்நிறுவனத்திற்கே உரியது. பி 0301 என்றால் முதல் சிலிண்டரில் எரிதல் தவறுகிறது. பி 0302 என்றால் இரண்டாவதில். பி 0171 என்றால் எரிகலவையில் பெட்ரோல் குறைந்து காற்று மிகுந்துவிட்டது.

இந்தக் கடைசிக் குறிதான் எங்களை அவமானப்படுத்தியது. பட்டறை தொடங்கிய முதலாண்டில் ஒரு வாடகைக் கார் பி 0171 குறியோடு வந்தது. மடிக்கணினி வாங்கிய பெருமிதத்தில் இருந்த நாங்கள், ‘ஆக்ஸிஜன் சென்சார் போய்விட்டது’ என்று உடனே தீர்ப்பளித்தோம். புதிய சென்சார் மாட்டி, குறியை அழித்து, காசு வாங்கி அனுப்பினோம். மூன்றாம் நாள் கொடைக்கானல் மலைப்பாதையில் பயணிகளோடு ஏறிக்கொண்டிருந்தபோது விளக்கு மீண்டும் எரிந்தது. ஓட்டுநர் திரும்பி வந்து எங்களைத் திட்டவில்லை. ‘கம்ப்யூட்டர் வைத்திருக்கிறீர்கள் என்றுதானே தம்பி வந்தேன்’ என்று மட்டும் சொன்னார். அச்சொல் திட்டைவிடச் சுட்டது.

அன்றிரவு உட்கார்ந்து படித்தோம். எஞ்சின் கணினி கலவையைச் சரிசெய்யப் பெட்ரோலை எத்தனை விழுக்காடு கூட்டுகிறது, எத்தனை விழுக்காடு குறைக்கிறது என்பதை மடிக்கணினித் திரையில் ஓடும் எண்களாகவே காணலாம். எஞ்சின் சும்மா நிற்கும்போது அந்த எண் மிக உயர்ந்து, வேகத்தை நிமிடத்திற்கு 2,500 சுற்றாக்கியதும் இறங்கினால், எங்கோ காற்று திருட்டுத்தனமாக உட்புகுகிறது என்று பொருள். மாறாக, சுமை ஏற ஏற எண் உயர்ந்தால் பெட்ரோல் பம்பையோ வடிகட்டியையோ ஐயுற வேண்டும். மறுநாள் பார்த்தோம். சும்மா நின்றபோது 20ஐத் தாண்டிய எண், வேகத்தில் இறங்கிற்று. எஞ்சினுக்குப் பின்புறம் விரல் நுழையாத இடத்தில் ஒரு ரப்பர்க் குழாய் வெடித்திருந்தது. சென்சாரின் விலையைத் திருப்பிக் கொடுத்தோம். அந்த ஓட்டுநர் இன்றும் எங்களிடமே வருகிறார்.

மற்றொன்று, எங்களுக்குப் பெருமை தந்தது. ஒட்டன்சத்திரம் சந்தைக்குக் காய்கறி ஏற்றும் ஒரு பிக்கப் வண்டி. காலையில் ஸ்டார்ட் ஆவதில்லை. ரேடியேட்டர் விசிறி ஓயாமல் சுற்றுகிறது. வேறோரிடத்தில் எஞ்சின் கணினியையே மாற்றவேண்டும் என்று சொல்லிப் பெருந்தொகை கேட்டிருந்தார்கள். வண்டிக்காரர் கடனில் வண்டி வாங்கியவர். நாங்கள் அடாப்டரை மாட்டினோம். சித்திரை வெயிலில் நின்ற வண்டியின் எஞ்சின் நீர் வெப்பம் சுழிக்குக் கீழே 40 பாகை என்று திரை காட்டிற்று. பழனியில் ஏது பனிக்கட்டி! வெப்பச் சென்சாரின் கம்பி அறுந்தால், பல வண்டிகளில் கணினி அதனைக் கடுங்குளிர் என்றே புரிந்துகொள்ளும். கம்பியைத் தொடர்ந்து போனோம், எலி கடித்திருந்தது. மல்டிமீட்டரால் உறுதிசெய்து, கம்பியை ஒட்டி, உறை போட்டுக் கட்டினோம். வேலை அரைமணி. கணினி மாற்றும் செலவு மிச்சம். இதில் வென்றது மடிக்கணினியா? சுழிக்குக் கீழே 40 என்றால் என்ன பொருள் என்று அறிந்த கல்வியே வென்றது.

ஆகவே தம்பிகளே, அடாப்டரோடு மல்டிமீட்டரையும் வாங்குங்கள். குறியைப் பார்த்தவுடன் அழித்துவிடாதீர்கள். முதலில் நோட்டில் எழுதுங்கள். குறி விழுந்த நொடியில் வண்டியின் வேகம், வெப்பம், சுமை ஆகியவற்றைக் கணினி படம்பிடித்து வைத்திருக்கும். குறியை அழித்தால் அதுவும் அழியும். சாட்சியை அழித்துவிட்டு வழக்கை விசாரிக்க முடியாது.

செய்யத் தகாதவை

கருவி கையில் வந்தால் ஆசையும் வரும். ஓடிய கிலோமீட்டரைக் குறைத்துக் காட்டச் சொல்வார்கள். டீசல் வண்டியின் புகை வடிகட்டியைக் கழற்றிவிட்டுக் கணினியை ஏமாற்றச் சொல்வார்கள். தகுந்த ஆவணமில்லாமல் சாவி பதியச் சொல்வார்கள். ஒருநாளும் செய்யக்கூடாது. முதலாவது மோசடி, இரண்டாவது சட்ட மீறல், மூன்றாவது திருட்டுக்குத் துணை.

காற்றுப்பை சம்பந்தப்பட்ட இணைப்பை பேட்டரியைக் கழற்றிச் சிறிது நேரம் காத்திராமல் தொடாதீர்கள். புது நிரல் ஏற்றும்போது பேட்டரி இறங்கினாலோ கம்பி ஆடினாலோ கணினி செத்த பெட்டியாகிவிடும்; எனவே பேட்டரிக்குத் துணை மின்சாரம் கொடுக்காமல் அவ்வேலையில் இறங்காதீர்கள். திருட்டு மென்பொருளைப் பயன்படுத்தாதீர்கள். அது நச்சுநிரலோடு வரும். வேலையின் நடுவில் கைவிடும்.

இவை எல்லா மெக்கானிக்குக்கும் பொருந்தும். நமக்கு மேலும் ஒரு காரணம் உண்டு. மற்றவன் தவறு செய்தால் அவன் பெயர் கெடும். நம் பிள்ளை தவறு செய்தால் தெருவின் பெயரைச் சொல்வார்கள். அது அநீதிதான். ஆயினும் அந்த அநீதிக்கு நடுவே நின்றுதான் நாம் நம்பிக்கையை ஈட்ட வேண்டியிருக்கிறது.

உரிமையும் உண்டு

வெளிப் பட்டறைக்காரன் கருவி கேட்பது பிச்சையன்று. 2011இல் ஷம்ஷேர் கட்டாரியா என்பவர் கொடுத்த புகாரின்மேல் இந்தியப் போட்டி ஆணையம் விசாரணை நடத்தியது. உதிரிப் பாகங்களையும் கண்டறியும் கருவிகளையும் வெளிப் பட்டறைகளுக்குக் கிடைக்காமல் வைத்திருப்பது போட்டிச் சட்டத்திற்கு முரண் என்று 2014 ஆகஸ்ட் 25 அன்று தீர்ப்பளித்தது. பதினான்கு கார் நிறுவனங்களுக்கு மொத்தம் ஏறத்தாழ 2,544 கோடி ரூபாய் அபராதம் விதித்ததோடு, பாகங்களும் கருவிகளும் தகவலும் வெளியாருக்கும் கிடைக்க வழிசெய்யுமாறு பணித்தது. மேல்முறையீடுகள் தொடர்ந்தன. எனினும் அத்தீர்ப்பு சொன்ன நியாயம் நிலைத்து நிற்கிறது. அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில் 2012இல் மக்களே வாக்களித்துப் பழுதுபார்க்கும் உரிமைச் சட்டத்தை ஆதரித்தார்கள். நம் நாட்டிலும் நுகர்வோர் துறை 2022 டிசம்பரில் பழுதுபார்க்கும் உரிமைக்கென ஓர் இணையவாயிலைத் தொடங்கியது. மோட்டார் வாகனமும் அதன் துறைகளில் ஒன்று.

புதிய பூட்டுகளும் வந்துகொண்டிருக்கின்றன. அண்மை ஆண்டுகளின் வண்டிகள் சிலவற்றில் நிறுவனத்தின் அனுமதியின்றி வெளிக்கருவி உள்ளே நுழையாதவாறு காவல் வைத்திருக்கிறார்கள். திருட்டைத் தடுக்க அது தேவை என்பதும் உண்மை. நாளை மின்சார வண்டிகள் பெருகும்போது இந்த வழக்கு மீண்டும் எழும். அப்போது பேச, தொழிலும் தெரிந்து சட்டமும் தெரிந்தவர்கள் நம்மிடையே இருக்க வேண்டும்.

சங்கத்தின்முன் எங்கள் வேண்டுகோள்

1942 அக்டோபரில், வைஸ்ராயின் நிர்வாகக் குழுவில் உறுப்பினராக இருந்த அண்ணல் அம்பேத்கர், தாழ்த்தப்பட்ட மக்களின் குறைகளைத் தொகுத்து வைஸ்ராயிடம் ஒரு மனு அளித்தார். அதில் உயர்கல்வி உதவித்தொகையைக் கேட்டதோடு அவர் நிற்கவில்லை. அரசாங்க அச்சகங்களிலும் ரயில்வே பணிமனைகளிலும் நம் பிள்ளைகளைத் தொழில் பழகுநர்களாகச் சேர்க்க வேண்டுமென்றும் கேட்டார். பட்டமும் பட்டறையும் இரண்டும் வேண்டும் என்பது அவர் கருத்து. அக்காலத்தில் ரயில்வே பணிமனையே நாட்டின் உயர்ந்த இயந்திரக் கல்விக்கூடம். இன்றைக்கு அந்த இடத்தில் என்ன இருக்கிறது என்று எண்ணிப் பாருங்கள்.

ஆகவே நமது சங்கத்தின்முன் நான்கு வேண்டுகோள்களை வைக்கிறோம்.

முதலாவது, ஞாயிறுதோறும் ஒரு வகுப்பு. 2011 முதல் பள்ளிப் பிள்ளைகளுக்கு அரசு வழங்கிய விலையில்லா மடிக்கணினிகள் நம் வீடுகளில் பரண்மேல் கிடக்கின்றன. பேட்டரி செத்திருக்கும், சார்ஜரில் இயங்கும். தொடக்கப் பாடத்திற்கு அவை போதும். உறுப்பினர்கள் அவற்றைச் சங்கத்திற்கு அளியுங்கள். இரண்டு அடாப்டர்களையும் ஒரு மல்டிமீட்டரையும் எங்கள் பட்டறை தரும். பாடம் நடத்த நாங்கள் நால்வரும் முறைவைத்து வருவோம்.

இரண்டாவது, ஒரு தமிழ்க் குறிப்பேடு. குறிகளின் பொருள் ஆங்கிலத்தில் உள்ளது. ஆங்கிலம் தெரியாத காரணத்தால் நல்ல கை ஒன்று வீணாகக் கூடாது. அடிக்கடி வரும் குறிகளை, அவற்றின் காரணத்தோடும் சோதிக்கும் முறையோடும் தமிழில் எழுதி வைப்போம். வகுப்புக்கு வரும் ஒவ்வொருவரும் தாம் கண்ட ஒரு பழுதை அதில் எழுத வேண்டும். நம் பெரியவர்கள் காதால் கேட்டறிந்ததையும் அதில் சேர்ப்போம். அடாப்டருக்குக் கேட்காத பேரிங் ஓசை அவர்கள் காதுக்கு இன்றும் கேட்கும். அவர்கள் வகுப்பில் முன்வரிசையில் அமர வேண்டும்.

மூன்றாவது, பெண்பிள்ளைகளும் வர வேண்டும். திரையில் எண்ணைப் படித்துக் காரணம் காணும் வேலைக்குத் தோள்வலி தேவையில்லை. பொறுமையும் கணக்கும் போதும்.

நான்காவது, வகுப்பில் தேறியவரைத் திண்டுக்கல் அரசினர் தொழிற்பயிற்சி நிலையத்தின் மோட்டார் வாகன மெக்கானிக் பிரிவிற்கு அனுப்பிச் சான்றிதழ் பெறச் செய்வது. பட்டறை தொடங்க விரும்புவோர்க்கு, 1974இல் ஏற்பட்ட தாட்கோ நிறுவனத்தின் வழியாக 35 விழுக்காடு மானியத்துடன் கடன் பெறும் திட்டம் உண்டு. விண்ணப்பம் எழுதும் உதவியைச் சங்கம் செய்யலாம்.

அன்பர்களே! தூசி படும் என்று எங்களை நிறுத்திய அந்த அறையை நாங்கள் மறக்கவில்லை. எங்கள் பட்டறையில் மடிக்கணினி ஒரு மரப்பெட்டியின்மேல் நடுவில் இருக்கிறது. அதன்மேல் தூசி படுகிறது. மாலையில் துணியால் துடைக்கிறோம். வண்டி கழுவ வந்த சிறுவன் முதல் வண்டியின் உரிமையாளர் வரை யார் வேண்டுமானாலும் அருகில் வந்து திரையைப் பார்க்கலாம். என்ன காட்டுகிறது என்று கேட்டால் சொல்லிக் கொடுக்கிறோம்.

இச்சங்கத்தின் ஐம்பதாம் ஆண்டு விழாவில் இம்மேடையில் நின்று பேசப்போகிறவர், எந்தக் கருவியைப் பற்றிப் பேசுவார் என்று எங்களுக்குத் தெரியாது. ‘அக்கருவியை எங்களுக்கு யாரும் மறைக்கவில்லை, எங்கள் சங்கமே கற்றுக் கொடுத்தது’ என்று அவர் சொல்ல வேண்டும். அடுத்த ஞாயிறு காலை பத்து மணிக்கு, ஒரு வண்டியோடும் அடாப்டரோடும் நாங்கள் இந்தக் கட்டடத்தின் வாயிலில் காத்திருப்போம். வாருங்கள்.